சோதனையின் பெயரும் அது அளக்கும் பொருளும்: டுசென் தசைச்சிதைவு நோயில் தசை, நரம்பு, இதயச் சோதனைகள்

ஆய்வுச்சுருக்கம்

தசை, நரம்பு, இதயம் ஆகியவற்றின் நிலையை அறியும் மருத்துவச் சோதனைகள் பெரும்பாலும் உறுப்புகளின் பெயரால் வழங்கப்படுகின்றன. ஆனால் அவை அளப்பது இரத்தத்தில் கலந்துள்ள நொதியையோ மின்துடிப்பையோ உறுப்பின் அசைவையோ ஆகும். இவ்வேறுபாடு கவனிக்கப்படாதபோது நோய் இனங்காணப்படுவது தாமதமாகிறது. மூவகைச் சோதனைகளும் தொடர்புறும் டுசென் தசைச்சிதைவு நோயைச் சான்றாகக் கொண்டு, ஒவ்வொரு சோதனையும் எதைக் கூறுகிறது, எதைக் கூறுவதில்லை என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: தசைச்சிதைவு, கிரியேட்டின் கைனேஸ், தசை மின்பதிவு, நரம்புக் கடத்தல், இதய மின்பதிவு, அறிவியல் தமிழ்.

முன்னுரை

உடல் அசைவு ஒரு தொடர்நிகழ்வு. மூளையில் தோன்றும் கட்டளை தண்டுவடம் வழியே நரம்பை அடைகிறது, நரம்பு முனையில் சுரக்கும் வேதிப்பொருள் தசையைத் தூண்டுகிறது, தசை சுருங்குகிறது. இத்தொடரில் எந்த இடம் பழுதுற்றாலும் வெளியே தெரிவது பலவீனம் என்னும் ஒரே அறிகுறிதான். பழுது நரம்பிலா, தசையிலா என்பதைப் பிரித்தறியவே சோதனைகள் தேவைப்படுகின்றன. இதயமும் தசையே என்பதால் சில தசை நோய்கள் அதனையும் தாக்குகின்றன.

நோயின் இயல்பு

19ஆம் நூற்றாண்டின் பிரெஞ்சு மருத்துவர் டுசென் பெயரால் வழங்கும் இந்நோய், எக்ஸ் குரோமோசோமிலுள்ள ஒரு மரபணுவின் பிழையால் தோன்றுகிறது. பிறக்கும் ஆண் குழந்தைகளில் ஏறத்தாழ 3,500 முதல் 5,000 பேருக்கு ஒருவர் இதற்கு ஆளாகின்றனர். அம்மரபணு உருவாக்க வேண்டிய டிஸ்ட்ரோஃபின் என்னும் புரதம், தசை இழையின் உட்சட்டகத்தை அதன் மேலுறையோடு பிணைத்து வைப்பது. அப்புரதம் இல்லாத நிலையில், தசை சுருங்கி விரியும்போதெல்லாம் மேலுறை சேதமுற்று, இழைக்குள் இருக்க வேண்டிய பொருள்கள் இரத்தத்தில் கசிகின்றன.

குழந்தை தாமதமாக நடப்பதும், அடிக்கடி விழுவதும், படியேறத் தடுமாறுவதும், தரையிலிருந்து எழும்போது தன் தொடைகளிலேயே கையூன்றி நிமிர்வதும் முதல் அறிகுறிகள். கெண்டைக்கால் பருத்துக் காணப்படுவதால் குழந்தை வலுவாக இருப்பதாகக் குடும்பத்தார் எண்ணிவிடுவதும் உண்டு.

இரத்தச் சோதனை: கசிவின் அளவு

முதலில் செய்ய வேண்டிய சோதனை கிரியேட்டின் கைனேஸ் என்னும் தசை நொதியை அளப்பது. நலமுள்ளவர்களிடம் இது பொதுவாக லிட்டருக்கு 200 அலகுகளை ஒட்டியோ அதற்குக் கீழோ இருக்கும். டுசென் நோயுள்ள சிறுவர்களிடம் 10,000 அலகுகளையும் தாண்டுவது இயல்பு. இங்கு அளக்கப்படுவது தசையின் வலிமை அன்று. தசையிலிருந்து ஏற்படும் கசிவு. நோய் முற்றித் தசைத்திரள் குறையும்போது கசிவதற்கான இழைகளும் குறைவதால் இவ்வளவு தாழ்கிறது. அத்தாழ்வை நலம்பெறுதலாகக் கொள்ளலாகாது. கடும் உடற்பயிற்சியும் தசையில் இடப்படும் ஊசியும்கூட இந்நொதியை ஓரளவு உயர்த்தக்கூடும்.

பெயரால் நேரும் பிழை இவ்விடத்திலேயே தொடங்குகிறது. ஏ.எல்.டி., ஏ.எஸ்.டி. என்னும் இரு நொதிகள் ‘கல்லீரல் செயல்பாட்டுச் சோதனை’ என்னும் தலைப்பின்கீழ் அளக்கப்படுகின்றன. இவை கல்லீரலில் மட்டுமன்றித் தசையிலும் உள்ளன. காய்ச்சல் போன்ற வேறொரு காரணத்துக்காக இரத்தம் பரிசோதிக்கப்படும் சிறுவனிடம் இவ்விரண்டும் உயர்ந்திருந்தால், தலைப்பை நம்பிக் கல்லீரல் நோயைத் தேடத் தொடங்கும் நிலை உருவாகிறது. கல்லீரல் திசு எடுத்துச் சோதிக்கும் அளவுக்கு அத்தேடல் நீண்ட நிகழ்வுகள் மருத்துவ இலக்கியத்தில் பதிவாகியுள்ளன. தசையில் மிகக் குறைவாகவே காணப்படும் ஜி.ஜி.டி. என்னும் நொதி இயல்பாக இருப்பதைக் கவனித்து, கிரியேட்டின் கைனேஸையும் அளந்தால் உண்மை புலப்பட்டுவிடும்.

‘இதய நொதி’ என வழங்கும் சி.கே.-எம்.பி.யும் இத்தகையதே. சேதமுற்றுப் புதிதாக வளரும் கை, கால் தசைகளும் இதனைச் சுரப்பதால், இதயத்தில் புதிய பாதிப்பு ஏதுமின்றியே இது உயரலாம்.

மின்சோதனைகள்: பழுதின் இடம்

நரம்புக் கடத்தல் சோதனையில், தோலின்மீது சிறு மின்தூண்டல் தந்து, அது நரம்பின் வழியே செல்லும் வேகமும் அதற்குத் தசை தரும் எதிர்வினையின் அளவும் பதியப்படுகின்றன. வளர்ந்தவர்களின் கை நரம்புகளில் இவ்வேகம் பொதுவாக நொடிக்கு 50 மீட்டர் அல்லது அதற்கு மேல் இருக்கும். டுசென் நோயில் நரம்பு பழுதுறாததால் வேகம் வயதுக்கேற்ப இயல்பாகவே அமைகிறது.

இ.எம்.ஜி. எனப்படும் தசை மின்பதிவில், மெல்லிய ஊசிமுனை தசைக்குள் செலுத்தப்படுகிறது. தசை நோயில் மின்துடிப்புகள் சிறியனவாகவும் குறுகிய கால அளவினவாகவும் இருக்கும். சிறு முயற்சிக்கும் பல அலகுகள் ஒருசேர இயங்கும். நாட்பட்ட நரம்பு நோயில் துடிப்புகள் பெரியனவாகவும் நீண்டனவாகவும், எண்ணிக்கையில் குறைந்தும் காணப்படும். இவ்வாறு இச்சோதனை பழுதின் இடத்தைச் சுட்டுமேயன்றி, அது எந்தத் தசை நோய் என்பதை உறுதிசெய்யாது. எனவே அறிகுறிகள் பொருந்திக் கிரியேட்டின் கைனேஸ் மிக உயர்ந்துள்ள சிறுவனுக்கு ஊசிச் சோதனையின் வலியைத் தவிர்த்து, நேரடியாக மரபணுச் சோதனைக்குச் செல்வதே இன்றைய நடைமுறை. முதற்கட்ட மரபணுச் சோதனை, மரபணுவின் பகுதிகள் விடுபட்டுள்ளனவா, இரட்டித்துள்ளனவா என ஆராய்கிறது. சிறு பிழைகள் அதில் தப்பிவிடும் என்பதால், முடிவு இயல்பாக வந்தாலும் முழு வரிசைப்படுத்தல் தேவைப்படுகிறது.

இதயச் சோதனைகள்: அறிகுறிக்கு முன்னரே

இதயம் பழுதுற்றால் நடக்கையில் மூச்சிரைப்பு தோன்றுவது வழக்கம். நடக்க இயலாத சிறுவனிடம் இவ்வறிகுறி வெளிப்பட வாய்ப்பில்லை. ஆகவே இந்நோயில் அறிகுறிக்காகக் காத்திராமல், நோய் உறுதியானபோதே தொடங்கி ஆண்டுதோறும் இதயம் பரிசோதிக்கப்பட வேண்டும்.

1900களின் தொடக்கத்தில் ஐந்தோவன் செம்மைப்படுத்திய இ.சி.ஜி. என்னும் இதய மின்பதிவு, இதயத்தின் மின்னோட்டத்தையும் துடிப்பின் ஒழுங்கையும் காட்டுகிறது. இரத்தத்தை வெளித்தள்ளும் ஆற்றலை அது அளப்பதில்லை. அவ்வாற்றலைக் காட்டுவது, கேளா ஒலி அலைகளைப் பயன்படுத்தும் எக்கோ சோதனை. வெளித்தள்ளும் ஆற்றல் குறைவதற்கு முன்னரே இதயத் தசையில் தோன்றும் தழும்பைக் காட்டவல்லது இதயக் காந்த ஒத்ததிர்வுப் படம். அறிகுறி இல்லாவிடினும் 10 வயதளவில் இதயப் பாதுகாப்பு மருந்துகளைத் தொடங்குவது பரிந்துரைக்கப்படுகிறது.

தாமதத்தின் விளைவு

இந்நோய் பெரும்பாலும் 4 அல்லது 5 வயதிலேயே உறுதிசெய்யப்படுகிறது. முழுமையாகக் குணப்படுத்தும் மருத்துவம் இன்னும் இல்லை. எனினும் ஸ்டீராய்டு மருந்துகள் நடக்கும் ஆற்றலை மேலும் சில ஆண்டுகள் நீட்டிக்கின்றன. மரபணுப் பிழையைத் தாங்கும் தாய்க்குப் பிறக்கும் ஒவ்வொரு மகனுக்கும் நோய் வருவதற்கான வாய்ப்பு 50 விழுக்காடு. முதல் மகனின் நோய் இனங்காணப்படும் முன்னரே இரண்டாம் குழந்தை பிறந்துவிடுமாயின், மரபியல் ஆலோசனை பெறும் வாய்ப்பை அக்குடும்பம் இழக்கிறது. பிழையைத் தாங்கும் தாய்மாருக்கும் இதயத் தசை நோய் வரக்கூடுமாதலால், அவர்களுக்கும் இதயச் சோதனை தேவை.

முடிவுரை

கிரியேட்டின் கைனேஸ் கசிவையும், மின்சோதனைகள் பழுதின் இடத்தையும், மரபணுச் சோதனை காரணத்தையும், இதயச் சோதனைகள் மறைவாக வளரும் பாதிப்பையும் உணர்த்துகின்றன. ஒன்றின் பணியை மற்றொன்று செய்வதில்லை. ‘கல்லீரல் செயல்பாட்டுச் சோதனை’, ‘இதய நொதி’ போன்ற தொடர்கள் ஆங்கில வழக்கைப் பின்பற்றித் தமிழில் அமைந்தவை. மூலத்திலுள்ள குறையும் அவற்றோடு வந்துசேர்ந்தது. நிலைபெற்ற பெயர்களை மாற்றுவது எளிதன்று. ஆனால் பாடநூலிலும் நோயாளிக்கான விளக்கக் குறிப்பிலும் சோதனையின் பெயரை அடுத்து, அது அளக்கும் பொருளையும் அப்பொருள் காணப்படும் பிற உறுப்புகளையும் ஒரு வரியில் குறிப்பிட இயலும். ‘இந்நொதி கல்லீரலிலும் தசையிலும் உள்ளது’ என்னும் அவ்வொரு வரி, அடிக்கடி விழும் சிறுவனின் தசையின்பால் கவனத்தை உரிய காலத்தில் திருப்பப் போதுமானது.