இழுத்தால் அவிழும் தொடுகோடு

"கோடு வட்டத்தைத் தொட்டுக்கிட்டு இருக்கு, பாருங்க டீச்சர்."

பத்தாம் வகுப்பு மாணவி, பள்ளிக் கணினி ஆய்வகத்தில். ஜியோஜீப்ராவில் ஒரு வட்டம், வெளியே P என்றொரு புள்ளி, அங்கிருந்து ஒரு கோடு. தொட்டுக்கொண்டுதான் இருந்தது.

"P-யைப் பிடிச்சு இழு."

இழுத்தாள். கோடு வட்டத்தை வெட்டிக்கொண்டு உள்ளே போனது.

இத்தனை வருஷம் மரக் காம்பஸும் சாக்பீஸுமாக வரைந்தவள் நான். கரும்பலகையில் கண்ணளவில் போட்ட தொடுகோட்டையும் முறைப்படி வரைந்ததையும் கடைசி பெஞ்சிலிருந்து யாரும் பிரித்துச் சொல்ல முடியாது. இந்த மென்பொருளோ கோடு எங்கே இருக்கிறது என்பதோடு, எதை வைத்து வரைந்தோம் என்பதையும் நினைவில் வைத்திருக்கிறது. ஒன்றை நகர்த்தினால் அதை நம்பி நிற்பதெல்லாம் கூடவே நகரும்.

பாடப்புத்தக முறைப்படி மறுபடி வரையச் சொன்னேன். மையம் O-வையும் P-யையும் இணைத்து, நடுப்புள்ளி M கண்டு, M-ஐ மையமாக, MO-வை ஆரமாகக் கொண்டு இன்னொரு வட்டம். இரண்டு வட்டங்களும் வெட்டும் இடங்களை P-யோடு சேர்த்தால் தொடுகோடுகள். அரைவட்டத்தில் அமையும் கோணம் செங்கோணம், அவ்வளவுதான் சூட்சுமம். இப்போது P-யை எங்கே இழுத்தாலும் கோடுகள் பிடிவிடவில்லை. வட்டத்துக்குள் கொண்டுபோனாள், இரண்டும் சட்டென்று மறைந்தன. உள்ளிருக்கும் புள்ளியிலிருந்து தொடுகோடு கிடையாது என்று நான் தொண்டை கிழியச் சொல்லும் வரி அது.

ஆஸ்திரியாவின் மார்க்குஸ் ஹோஹென்வார்ட்டர் 2001-இல் சால்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் தன் முதுகலை ஆய்வுக்காகத் தொடங்கியது இந்த ஜியோஜீப்ரா. ஜியோமெட்ரியும் அல்ஜீப்ராவும் சேர்ந்த பெயர். இதே வகை மென்பொருளான பிரான்சின் காப்ரி அதற்கும் மூத்தது. நம் பாடப்புத்தகத்தின் இணையச் செயல்பாட்டில் க்யூஆர் குறியீட்டை ஸ்கேன் செய்தால் வருவதும் பெரும்பாலும் ஜியோஜீப்ராதான்.

வரைபடக் கணக்கிலும் இதே கதை. y = x² − 4x + c என்று அடித்து, c-க்கு ஒரு ஸ்லைடர் வைத்தால் போதும். அதைத் தள்ளத் தள்ளப் பரவளையம் மேலேறும். c = 4-இல் x அச்சைத் தொடும், தாண்டினால் மெய்யெண் தீர்வே இல்லை. தன்மைக்காட்டி என்ன செய்கிறது என்பது கண்ணெதிரே நடக்கும். வரைபடத்தாளில் ஒரு படத்துக்கே கால் மணி நேரம் ஓடிவிடும். ஆனாலும் பொதுத்தேர்வின் 8 மதிப்பெண் தாளில்தான் இருக்கிறது. அளவுத்திட்டம் எழுத மறந்தால் எந்த மென்பொருளும் காப்பாற்றாது. அதனால் தாளையும் நான் விடவில்லை.

அவள் இன்னும் P-யோடுதான் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாள். "ரொம்ப தூரம் போனா ரெண்டு கோடும் இணையாயிடுமா டீச்சர்?" வட்டத்தின் ஆரம் 3, மையம் ஆதிப்புள்ளி. P-யை (100000, 0) என்று அடித்தாள். இடைப்பட்ட கோணம் 0° என்று காட்டியது.

"பார்த்தீங்களா!"

"தசம இடத்தை அஞ்சாக்கு."

0.00344° என்று வந்தது. அவள் இன்னொரு பூஜ்யம் சேர்க்கப் போனாள். மணி அடித்தது.