சொந்தச் சீமையில் தோற்ற முதன் மந்திரி
ராஜபாளையம் குமாரசாமி ராஜாவின் வாழ்க்கை

1952-ஆம் ஆண்டுத் தொடக்கம். சுதந்திர இந்தியாவின் முதல் பொதுத் தேர்தல். ஸ்ரீவில்லிபுத்தூர்த் தொகுதியில் சட்டசபைக்குப் போட்டியிட்டவர்களில் ஒருவர், சென்னை ராஜ்யத்தின் முதன் மந்திரி. அவருடைய ஊர் ராஜபாளையம். ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து சுமார் 11 கிலோமீட்டர்தான்.

ஓட்டுகள் எண்ணப்பட்டன. முதன் மந்திரி தோற்றுப் போனார்!

அவர்தான் பி. எஸ். குமாரசாமி ராஜா.

பாட்டி வளர்த்த பிள்ளை

மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் இருக்கும் ஊர் ராஜபாளையம். பருத்திக்கும் நூல் ஆலைகளுக்கும் பேர் போனது. வீட்டில் தெலுங்கும் வெளியில் தமிழும் பேசும் ராஜுக்கள் பல தலைமுறைகளாக அங்கே வாழ்கிறார்கள். அந்தக் குலத்தில் 1898-ஆம் ஆண்டு ஜூலை 8-ந் தேதி குமாரசாமி ராஜா பிறந்தார்.

சின்னஞ் சிறு வயதிலேயே தாயையும் தகப்பனாரையும் இழந்தார். பாட்டிதான் அவரை வளர்த்து ஆளாக்கினார்.

வளர்ந்த பிறகு காந்தியடிகளின் வழி அவரை இழுத்தது. காங்கிரசில் சேர்ந்தார். தலைவர் சத்தியமூர்த்தியிடம் பற்றுக் கொண்டார். சுதந்திரப் போராட்டத்தில் சிறைக்கும் சென்றார். 1934-இல் டில்லியில் இருந்த மத்திய சட்டசபைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

அந்தக் காலத்தில் எல்லோருக்கும் ஓட்டு இல்லை. சொத்து உள்ளவர்கள், வரி கட்டுகிறவர்கள் போன்ற சிலருக்குத்தான் அந்த உரிமை இருந்தது. கூலி வேலை செய்கிறவர் தேர்தலை வேடிக்கை பார்க்கலாம். ஓட்டுப் போட முடியாது.

பெரிய நாடு, பெரிய பாரம்

1949-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் பதவி விலகினார். அவருக்குப் பின் குமாரசாமி ராஜா ஆட்சிப் பொறுப்பை ஏற்றார். தமிழ்நாடு காங்கிரஸ் தலைவராக இருந்த காமராஜரின் ஆதரவு அவருக்கு இருந்தது.

அன்றைய சென்னை மாகாணம் இன்றைய தமிழ்நாட்டைவிட மிகப் பெரியது. வடக்கே ஒரிசா எல்லையிலிருந்து தெற்கே திருநெல்வேலி வரை நீண்டு கிடந்தது. ஆந்திர ஜில்லாக்களும், மலபாரும், தென் கன்னடமும் அதில் அடக்கம்.

1950-ஆம் ஆண்டு ஜனவரி 26-ந் தேதி இந்தியா குடியரசு ஆயிற்று. அதுவரை மாகாண ஆட்சித் தலைவருக்கு 'பிரதமர்' என்று பெயர். அன்று முதல் அது 'முதன் மந்திரி' என்று மாறியது. ஆகவே சென்னையின் கடைசிப் பிரதமரும் அவரே. முதல் முதன் மந்திரியும் அவரே!

பதவியோடு தொல்லைகளும் வந்தன. ஆந்திர ராஜ்யம் தனியே வேண்டும் என்ற கிளர்ச்சி வலுத்தது. பிரிவினை பற்றி ஆராய ஒரு கமிட்டி அமைந்தது. அதன் தலைவர் குமாரசாமி ராஜா. தாய்மொழி தெலுங்கு, பிறந்த மண் தமிழ் மண். அவர் தலைமையில் பங்கு பிரிக்கும் பேச்சு நடந்தது. சென்னை நகரத்தைப் பற்றி மற்றவர்கள் சொன்னதை ஆந்திரத் தலைவர் பிரகாசம் ஏற்கவில்லை. பிரிவினை அப்போது நடக்கவில்லை. 1953-இல்தான் ஆந்திரம் தனி ராஜ்யம் ஆயிற்று.

இன்னொரு வழக்கும் வந்தது. கல்லூரி இடங்களை வகுப்பு வாரியாகப் பங்கிடும் உத்தரவு செல்லாது என்று கோர்ட்டு தீர்ப்புச் சொன்னது. சென்னை சர்க்கார் சுப்ரீம் கோர்ட்டுக்கு அப்பீல் செய்தது. 1951-இல் அங்கேயும் தோற்றது. அதே ஆண்டில் அரசியல் சட்டம் முதல் முறையாகத் திருத்தப்பட்டது. பின்தங்கிய வகுப்பாருக்குத் தனிச் சலுகை தர வழி பிறந்தது.

அரிசிதான் பேசியது

ஆனால் ஏழை வீட்டு அடுப்புக்கு வேண்டியது அரிசி. மழை ஆண்டுக்கு ஆண்டு பொய்த்தது. ரேஷனில் கிடைத்தது போதவில்லை. விவசாயியிடம் சர்க்கார் நெல்லைக் கொள்முதல் செய்தது, அவனுக்கும் மனக்குறை. வாங்குகிறவருக்கும் கோபம், விளைவிக்கிறவருக்கும் கோபம்!

இந்த நேரத்தில்தான் தேர்தல் வந்தது. இம்முறை 21 வயதான ஆண், பெண் அனைவருக்கும் ஓட்டு உண்டு. எழுதப் படிக்கத் தெரியாதவர்களும் ஓட்டுப் போட வழி செய்திருந்தார்கள். ஒவ்வொரு வேட்பாளருக்கும் தனித்தனிப் பெட்டி. பெட்டியின் மேல் சின்னம். காங்கிரசுக்கு நுகத்தடி பூட்டிய இரட்டைக் காளை. பிடித்த பெட்டியில் சீட்டைப் போட்டால் போதும்.

ஜனங்கள் தங்கள் மனத்தைக் காட்டிவிட்டார்கள். 375 இடங்களில் காங்கிரசுக்குக் கிடைத்தவை 152 மட்டுமே. முதன் மந்திரியோடு பக்தவத்சலம் முதலிய மந்திரிகளும் தோற்றார்கள்.

வேடிக்கையைப் பாருங்கள்! அதே தேர்தலில் ஸ்ரீவில்லிபுத்தூர் பார்லிமெண்டுத் தொகுதியில் நின்ற காமராஜர் வெற்றி பெற்றார். ஒரே கட்சி, ஒரே சின்னம். ஆயினும் ஆட்சியின் பாரத்தைத் தலையில் சுமந்தவர் தோற்றார்.

1952 ஏப்ரல் 10-ந் தேதி ராஜாஜி முதன் மந்திரியானார். ஜூன் மாதம் அவர் உணவுக் கட்டுப்பாட்டை நீக்கினார். ஓட்டுப் பெட்டி கேட்ட கேள்விக்குச் சில மாதங்களில் பதில் கிடைத்தது!

வீடு ஊருக்கு

குமாரசாமி ராஜா 1954-இல் ஒரிசாவின் கவர்னர் ஆனார். மகாநதியின் குறுக்கே ஹிராகுட் அணை எழும்பிக்கொண்டிருந்த காலம் அது. 1956 வரை அங்கே பணியாற்றினார். 1957 மார்ச் மாதம் காலமானார். வயது 58.

ராஜபாளையத்தில் அவருக்குச் சொந்தமான வீடு இருந்தது. அதைப் பிள்ளை, பேரனுக்கென்று வைத்துக்கொள்ளவில்லை. காந்தி கலை மன்றம் அமைய ஊருக்கே கொடுத்துவிட்டார்.

ஜனங்கள் அவருக்கு ஓட்டுத் தரவில்லை. அவர் ஜனங்களுக்குத் தம் வீட்டைத் தந்தார். தேர்தலில் தோற்ற முதன் மந்திரிகள் பலர் உண்டு. இப்படிக் கொடுத்தவர்கள் எத்தனை பேர்?