பெட்டிக்குள் முடங்கிய சிரிப்பு: பியேர் எத்தெக்ஸின் திரை வாழ்க்கை

பிரெஞ்சு நகைச்சுவைப் படம் என்றதும் ழாக் தாத்தியின் பெயரைச் சொல்லும் ரசிகர்களில் பலர், அவரிடம் தொழில் பழகிய பியேர் எத்தெக்ஸை அறிந்ததில்லை. 1928இல் ரோவான் நகரில் பிறந்து, வண்ணக் கண்ணாடி ஓவியத்தில் பயிற்சி பெற்றுப் பாரிஸுக்கு வந்த எத்தெக்ஸ், தாத்தியின் ‘என் மாமா’ (1958) படத்துக்குச் சிரிப்புத் துணுக்குகளை யோசித்துத் தந்ததோடு அதன் சுவரொட்டியையும் வரைந்தார். தாத்தியின் படங்கள் நாவலாக்கப்பட்டபோது எழுதியவர் ழான்-குளோத் கரியேர், படம் வரைந்தவர் எத்தெக்ஸ். பிற்காலத்தில் நாடக இயக்குநர் பீட்டர் புரூக்குக்காக மகாபாரதத்தை நாடகமாக்கிய கரியேரும் எத்தெக்ஸும் சேர்ந்து இயக்கிய ‘இனிய மணநாள்’ குறும்படம், பரிசுப் பொருளுடன் பாரிஸ் போக்குவரத்து நெரிசலில் தவிக்கும் கணவனைக் காட்டி ஆஸ்கர் பரிசை வென்றது.

எத்தெக்ஸ் இயக்கிய ஐந்து முழுநீளப் படங்களில் தலைசிறந்தது ‘யோயோ’ (1965) என்பதில் ஐயமில்லை. 1925இல் ஒரு கோடீஸ்வரரின் மாளிகையில் தொடங்கும் இப்படம், முதற்பகுதியில் வசனமின்றி, பேச்சை எழுத்தில் காட்டும் இடைத்தலைப்புகளோடு மௌனப்படம்போல் நகர்ந்தாலும், கதவின் கிறீச்சொலியை வேண்டுமென்றே மிகைப்படுத்திக் கேட்கவைக்கிறது. ஆளரவமற்ற செல்வத்தின் வெறுமையை அந்த ஒலியே உணர்த்திவிடுகிறது. 1929ஆம் ஆண்டுப் பங்குச்சந்தைச் சரிவில் செல்வத்தை இழந்த நாயகன் சர்க்கஸ்காரியான காதலியோடும் மகனோடும் ஊர் ஊராகக் கிளம்பும்போது, பேசும்படக் காலமும் பிறந்துவிட, படமும் பேசத் தொடங்குகிறது. தந்தை, வளர்ந்து கோமாளியாகும் மகன் ஆகிய இரு வேடங்களையும் எத்தெக்ஸே ஏற்றார்.

‘பெருங்காதல்’ (1969) படத்தில் கட்டில்களை வண்டிகளாக்கி நாட்டுப்புறச் சாலையில் ஓடவிட்ட இக்கலைஞர், கோடை விடுமுறைக்கூட்டத்தைக் கேலியோடு பதிவுசெய்த ஆவணப்படத்தை 1971இல் வெளியிட்டதும் விமர்சகர்களின் சினத்துக்கு ஆளானார். இயக்குநராக அவருடைய பயணம் ஏறத்தாழ அத்துடன் நின்றது. அதன்பின், கோமாளிக் குடும்பமொன்றின் வாரிசும் தம் மனைவியுமான அன்னி ஃபிராத்தெலினியோடு சர்க்கஸ் பள்ளியை நிறுவினார்.

அவர் பெயர் மங்கியதற்கு விமர்சகர்களைவிடச் சட்டத்தாள்களே பெருங்காரணம். விநியோக உரிமைச் சிக்கலால் அவருடைய படங்கள் பல ஆண்டுகள் பெட்டிக்குள் முடங்கிக் கிடந்தன. 50,000க்கும் மேற்பட்டோர் அவருக்கு ஆதரவாகக் கையெழுத்திட்டனர். 2009இல் நீதிமன்றத் தீர்ப்பு அவருக்குச் சாதகமாக அமைய, மறுஆண்டே அவை சீரமைக்கப்பட்டுத் திரைக்குத் திரும்பின. 2011இல் ஃபின்லாந்து இயக்குநர் அக்கி கௌரிஸ்மாக்கியின் ‘லு ஆவ்ர்’ படத்தில் மருத்துவராக நடித்த எத்தெக்ஸ், 2016இல் மறைந்தார்.