ஒரு ரேஸ்கூட ஜெயிக்காமல் தேசிய சாம்பியன் ஆக முடியுமா? இளையோர் பாய்மரப் படகுப் போட்டியின் கணக்கு

2023 செப்டம்பர், ஹாங்சோ ஆசிய விளையாட்டு. பெண்களுக்கான ஐஎல்சிஏ 4 பாய்மரப் படகுப் பிரிவில் மொத்தம் 11 ரேஸ். 17 வயது நேஹா தாக்கூர் எடுத்த புள்ளிகள் 32. அவருடைய மிக மோசமான ரேஸின் 5 புள்ளிகளைக் கழித்தார்கள். மிச்சம் 27. அடுத்து வந்த சிங்கப்பூர் வீராங்கனைக்கு 28. ஒரே ஒரு புள்ளியில் இந்தியாவுக்கு வெள்ளி கிடைத்தது.

குறைந்த புள்ளி எடுத்தவர் எப்படி மேலே வந்தார்? மோசமான ரேஸை ஏன் கழித்தார்கள்? தேசிய இளையோர் பாய்மரப் படகுப் போட்டியைப் பற்றிய செய்தியைப் படிக்கும் பலருக்கும் இங்கேதான் குழப்பம் ஆரம்பிக்கும். இந்தக் கணக்கு புரிந்துவிட்டால், இந்த விளையாட்டில் யார் மேலே வருகிறார்கள், யார் பாதியில் நின்றுவிடுகிறார்கள் என்பதும் சேர்ந்தே புரிந்துவிடும்.

முதலில், டிங்கி என்றால் என்ன?

இன்ஜினும் கேபினும் இல்லாத சின்னப் படகு. ஒருவரோ இருவரோ மட்டும் ஓட்டுவார்கள். ஒரு பாய், திசை திருப்ப ஒரு சுக்கான், பக்கவாட்டில் சறுக்காமல் இருக்க அடியில் தண்ணீருக்குள் இறங்கும் ஒரு பலகை. அவ்வளவுதான். கவிழ்ந்தால் ஓட்டுபவரே நிமிர்த்திக்கொண்டு ரேஸைத் தொடரலாம்.

இந்தியாவில் இந்த விளையாட்டை நிர்வகிப்பது யாட்டிங் அசோசியேஷன் ஆஃப் இந்தியா. சென்னை, மும்பை, ஹைதராபாத், போபால் போன்ற ஊர்களில் தேசியப் போட்டிகள் நடக்கின்றன. இளையோர் பிரிவில் அதிகம் பார்க்கக்கூடிய படகுகள் இரண்டு.

ஒன்று, ஆப்டிமிஸ்ட். சுமார் 2.3 மீட்டர் நீளம், 35 கிலோ எடை. பார்ப்பதற்கு மூக்கை வெட்டிய குளியல் தொட்டி மாதிரி இருக்கும். ஒரே ஒரு பிள்ளை ஓட்டும் படகு. 15 வயது ஆகும் ஆண்டோடு இதில் போட்டியிடும் தகுதி முடிந்துவிடும்.

இன்னொன்று, ஐஎல்சிஏ. 1971-ல் சந்தைக்கு வந்த ‘லேசர்’ படகின் இப்போதைய பெயர் இது. இதில் ஒரு வசதி: 4.2 மீட்டர் நீளமுள்ள அதே படகுதான். பாயையும் பாய்மரத்தின் கீழ்ப் பகுதியையும் மாற்றினால் பிரிவு மாறிவிடும். சுமார் 4.7 சதுர மீட்டர் பாய் போட்டால் ஐஎல்சிஏ 4, 5.7 போட்டால் ஐஎல்சிஏ 6, 7 போட்டால் ஐஎல்சிஏ 7. ஆறாம் எண் பெண்களுக்கான ஒலிம்பிக் படகு. ஏழாம் எண் ஆண்களுக்கு. ஆப்டிமிஸ்ட் வயது முடிந்த பிள்ளைகள் பலருக்கும் அடுத்த படி ஐஎல்சிஏ 4.

காற்று எதிரே அடித்தால் எப்படிப் போவது?

காற்று வரும் திசையை நோக்கி எந்தப் பாய்மரப் படகும் நேராகப் போக முடியாது. ஏறக்குறைய 45 டிகிரி சாய்வில்தான் போகலாம். அதனால் முதல் மிதவையை அடைய ‘Z’ எழுத்து மாதிரி வளைந்து வளைந்துதான் ஏற வேண்டும். இடது பக்கமாகப் போவதா, வலது பக்கமாகவா? எந்தப் பக்கம் காற்று கூடும்? எப்போது திரும்புவது?

இதற்கெல்லாம் படகில் இருக்கும் 13 வயதுப் பிள்ளைதான் பதில் சொல்ல வேண்டும். ரேஸ் நடக்கும்போது கோச் கத்திச் சொல்லித்தர முடியாது, வெளியிலிருந்து உதவி பெறக் கூடாது என்பது விதி. கிரிக்கெட்டில் பெவிலியனில் இருந்து குறிப்பு அனுப்புவது மாதிரியான வாய்ப்பு இங்கே கிடையாது.

இடத்துக்கு இடம் காற்றும் மாறும். சென்னையில் கடல் அலையின் ஏற்ற இறக்கத்தைச் சமாளித்தபடியே, பகலில் கிளம்பும் கடற்காற்றுக்கும் தயாராக வேண்டும். ஹைதராபாத் ஹுசைன் சாகர் ஏரியில் அலை பிரச்சினை இல்லை. ஆனால் ஊருக்கு நடுவே இருப்பதால் கட்டடங்களில் மோதி வரும் காற்று நிமிடத்துக்கு நிமிடம் திசை மாறும். ஓரிடத்தில் கில்லியாக இருப்பவர் இன்னோரிடத்தில் திணறுவது சகஜம்.

காற்றே இல்லாவிட்டால்? சிவப்பு வெள்ளைப் பட்டைக் கொடி ஏறும். ‘ஒத்திவைப்பு’ என்று அர்த்தம். வெயிலில் காத்திருக்க வேண்டியதுதான்.

கடைசி 5 நிமிடங்கள்

ஓட்டப்பந்தயம் மாதிரி எல்லாரும் வரிசையாக நின்று கிளம்ப முடியாது. படகுக்கு பிரேக் இல்லை. நடுவர் படகுக்கும் ஒரு மிதவைக்கும் இடையே கற்பனைக் கோடு ஒன்று இருக்கும். அதுதான் ஸ்டார்ட் லைன்.

ஹாரன் சத்தத்தோடு கொடி ஏறினால் இன்னும் 5 நிமிடம். அடுத்த கொடி ஏறினால் 4. அது இறங்கினால் 1. முதல் கொடி இறங்கும் நொடியில் ஸ்டார்ட். சரியாக அந்த நொடியில், முழு வேகத்தில், கோட்டைத் தொடாமல் அதன் ஓரத்தில் இருக்க வேண்டும். அறுபது படகுகளும் ஒரே சமயத்தில் அதே இடத்துக்குத்தான் முண்டியடிக்கும்.

ஒரு நொடி முந்தினால் திரும்பி வந்து மறுபடி கிளம்ப வேண்டும். வராவிட்டால் அந்த ரேஸ் போச்சு. பலரும் திரும்பத் திரும்ப முந்தினால் நடுவர்கள் கறுப்புக் கொடி ஏற்றுவார்கள். அதற்குப் பிறகு கடைசி ஒரு நிமிடத்தில் கோட்டைத் தாண்டியவர் அந்த ரேஸில் தகுதி இழப்பார். திரும்பி வந்து சரிசெய்யவும் வழியில்லை.

நடுவர் விசில் ஊதுவாரா?

பெரும்பாலும் மாட்டார். ஒருவர் வழியை இன்னொருவர் மறித்தால், தப்பு செய்தவரே ஒதுங்கிப்போய் இரண்டு முழு வட்டம் அடித்துத் தண்டனையை முடித்துக்கொள்ள வேண்டும். தப்பே செய்யவில்லை என்று அவர் நினைத்தால் மற்றவர் ‘ப்ரொடெஸ்ட்’ என்று கத்தலாம். கரைக்கு வந்ததும் விசாரணை நடக்கும். 12 வயதுப் பிள்ளைகள் மேசை முன் உட்கார்ந்து, பொம்மைப் படகுகளை நகர்த்தி, நடந்ததை நடுவர்களுக்கு விளக்கும் காட்சி இந்தப் போட்டிகளில் சாதாரணம்.

ஒரு விஷயத்தில் மட்டும் நடுவர்கள் தண்ணீரிலேயே கண்கொத்திப் பாம்பாக இருப்பார்கள். உடம்பை ஆட்டி, பாயை விசிறி மாதிரி இழுத்துப் படகைத் தள்ளக் கூடாது. பிடிபட்டால் விசிலும் மஞ்சள் கொடியும். முதல் முறை இரண்டு வட்டம். அதே போட்டியில் இரண்டாவது முறை பிடிபட்டால் அந்த ரேஸிலிருந்து விலக வேண்டும்.

விதிப் புத்தகத்தின் முதல் விதி பந்தயத்தைப் பற்றியதே இல்லை. ஆபத்தில் இருப்பவருக்கு முடிந்த உதவி எல்லாம் செய்ய வேண்டும் என்பதுதான் அது. 1988 சியோல் ஒலிம்பிக்கில் கனடா வீரர் லாரன்ஸ் லெமியூ இரண்டாம் இடத்தில் போய்க்கொண்டிருந்தபோது, கடலில் விழுந்த சிங்கப்பூர் வீரர்களைக் காப்பாற்றத் திரும்பினார். அந்த ரேஸில் அவருக்கு இரண்டாம் இடமே வழங்கப்பட்டது.

சரி, இப்போது கணக்கு

முதலிடம் வந்தால் 1 புள்ளி, இரண்டாமிடம் 2, இருபதாமிடம் 20. கடைசியில் குறைந்த புள்ளி யாருக்கோ அவரே சாம்பியன். ரேஸை முடிக்காதவருக்கும் தகுதி இழந்தவருக்கும் மொத்தப் படகுகளைவிட ஒரு புள்ளி அதிகம். 60 படகு இருந்தால் 61. போதிய ரேஸ்கள் முடிந்தால், ஒவ்வொருவருக்கும் மோசமான ஒரு ரேஸ் கழிக்கப்படும்.

உதாரணத்துக்கு, 60 படகு, 6 ரேஸ் என்று வைத்துக்கொள்வோம்.

முதல் போட்டியாளர் 4 ரேஸில் முதலிடம். ஒரு ரேஸில் கறுப்புக் கொடி, 61 புள்ளி. இன்னொன்றில் 20-வது இடம். 61-ஐக் கழித்தாலும் மிச்சம் 24.

இரண்டாமவர் எதிலும் முதலிடம் வரவில்லை. 4, 3, 5, 4, 3, 6 என்று வருகிறார். 6-ஐக் கழித்தால் 19. அவர்தான் முந்துகிறார்.

ஆக, தலைப்பில் கேட்ட கேள்விக்குப் பதில்: முடியும். ஒரு மோசமான ரேஸை இந்தக் கணக்கு மன்னிக்கும். இரண்டாவதை மன்னிக்காது. ஒருநாள் அசத்துபவரைவிட, தினமும் சறுக்காமல் வருபவருக்கே இது சாதகம். நேஹாவின் 11 ரேஸில் மிக மோசமான முடிவே ஐந்தாம் இடம்தான் என்பதைக் கவனித்தால் அந்த வெள்ளியின் மதிப்பு தெரியும்.

சறுக்காமல் வருவது எப்படி?

இங்கேதான் விஷயம் விளையாட்டைத் தாண்டிப் போகிறது. காற்றைப் படிக்கும் பழக்கத்தை வகுப்பறையில் கற்றுத்தர முடியாது. எத்தனை நாள், எத்தனை விதமான காற்றில் தண்ணீரில் இருந்தீர்கள் என்பதே முக்கியம். அந்த நாட்கள் கிடைக்க ஒரு படகு வேண்டும், இறக்குவதற்கு ஒரு துறை வேண்டும், கூடவே வர ஒரு பாதுகாப்புப் படகும் கோச்சும் வேண்டும்.

ஆப்டிமிஸ்ட் பிறந்ததே இந்தப் பிரச்சினைக்குத் தீர்வாகத்தான். 1947-ல் அமெரிக்காவின் ஃப்ளோரிடாவில், சாதாரணக் குடும்பத்துப் பிள்ளைகளும் ஓட்டுவதற்காக, ப்ளைவுட் பலகையில் செலவு குறைவாகச் செய்யும் படகாக கிளார்க் மில்ஸ் இதை வடிவமைத்தார். இன்று போட்டித் தரத்தில் வரும் படகு ஃபைபரில் வார்க்கப்பட்டது. ஐஎல்சிஏ என்றால் செலவு லட்சங்களில் போகும். பாய் தேய்ந்தால் மாற்ற வேண்டும், வெளியூர்ப் போட்டிக்குப் போகும் செலவு தனி.

15 வயதில் இந்தச் சுமை இன்னும் கூடும். சின்னப் படகு கைவிட்டுப் போகிறது, பெரிய படகுக்கு உடல் எடையும் பலமும் வேண்டும், கூடவே பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வும் வந்து நிற்கிறது. ‘இதோட போதும்’ என்று வீட்டில் சொல்வதற்கு எல்லாக் காரணமும் ஒன்றாகச் சேரும் வயது அது.

கடல் இருந்தால் போதுமா?

போதாது. நேஹா மத்தியப் பிரதேசத்தின் தேவாஸ் மாவட்டத்தைச் சேர்ந்த விவசாயக் குடும்பத்துப் பெண். மாநிலத்துக்குக் கடலே இல்லை. போபாலில் உள்ள நேஷனல் செய்லிங் ஸ்கூலில் பயிற்சி பெற்றவர். 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் வெண்கலம் வென்ற ஹர்ஷிதா தோமரும் போபாலில் பயிற்சி பெற்றவர்தான். ஹைதராபாத் யாட் கிளப் பல ஆண்டுகளாக ஏழைக் குடும்பப் பிள்ளைகளை ஹுசைன் சாகரில் பயிற்றுவிக்கிறது. கடற்படையும் ராணுவமும் இளம் வயதிலேயே பிள்ளைகளைத் தேர்ந்தெடுத்து, தங்குமிடம், படிப்பு, படகு மூன்றையும் சேர்த்துத் தருகின்றன. இவர்கள் எல்லாருக்கும் கிடைத்த ஒரே பொது விஷயம், தண்ணீரில் போதுமான நாட்கள்.

ஆயிரம் கிலோமீட்டருக்கும் மேல் கடற்கரை உள்ள தமிழ்நாட்டில் இந்த விளையாட்டின் மையம் சென்னைத் துறைமுகம். 1911-ல் தொடங்கிய ராயல் மெட்ராஸ் யாட் கிளப்பும், தமிழ்நாடு செய்லிங் அசோசியேஷனும் துறைமுகத்துக்குள்ளேயே இயங்குகின்றன. ஒலிம்பிக்குக்குத் தகுதி பெற்ற முதல் இந்தியப் பாய்மரப் படகு வீராங்கனை நேத்ரா குமணன் சென்னையில் ஒரு கோடைக்காலப் பயிற்சி முகாமில்தான் இதைத் தொடங்கினார். 2024 பாரிஸில் ஐஎல்சிஏ 6 பிரிவில் 21-வது இடம் பிடித்தார். வேலூரைச் சேர்ந்த ராணுவ வீரர் விஷ்ணு சரவணன் ஐஎல்சிஏ 7 பிரிவில் 18-வது இடம். பாய்மரப் படகில் இந்தியாவுக்கு இதுவரை ஒலிம்பிக் பதக்கம் இல்லை.

நேத்ரா கிளப் வழியாக வந்தார், விஷ்ணு ராணுவத்தில் இருந்தபடி வந்தார். இந்த இரண்டு கதவுக்கும் வெளியே இருக்கும் கடலோரப் பிள்ளைக்கு மூன்றாவதாக ஒரு கதவு வேண்டும். கடலே இல்லாத ஒரு மாநிலத்து ஏரியில் அது எப்படித் திறக்கிறது என்பதற்கு போபால் கண்முன் இருக்கும் உதாரணம்.

முடிவுப் பட்டியலை எப்படிப் படிப்பது?

அடுத்த தேசிய இளையோர் போட்டியின் பட்டியல் உங்கள் மொபைலில் கண்ணில் பட்டால், முதல் பெயரோடு நிறுத்திவிட வேண்டாம். அடைப்புக்குறிக்குள் இருக்கும் எண், கழிக்கப்பட்ட ரேஸ். ‘ஓசிஎஸ்’ என்றால் ஸ்டார்ட்டில் முந்தியவர், ‘பிஎஃப்டி’ என்றால் கறுப்புக் கொடியில் சிக்கியவர், ‘டிஎன்எஃப்’ என்றால் முடிக்க முடியாதவர். பிறகு ஒவ்வொரு பெயருக்கும் எதிரே உள்ள கிளப் அல்லது பயிற்சி மையத்தின் பெயரைப் பாருங்கள். முதல் பத்து இடங்களில் திரும்பத் திரும்ப வரும் பெயர்கள் எவையோ, அந்த இடங்களில்தான் பிள்ளைகளுக்குப் படகில் அதிக நாட்கள் கிடைக்கின்றன என்று பெரும்பாலும் எடுத்துக்கொள்ளலாம்.