தீவகத்து ஊர்த்தேவாலயங்கள்: மரமும் முருகைக்கல்லும்

லூதரன் சபையின் கிராமத் தேவாலயம் என்றவுடன் வட ஐரோப்பாவின் மரக்கோவில்களே நினைவுக்கு வருவது இயல்பு. பின்லாந்தின் பெத்தாயவெசி என்னும் ஊரில் 1763 முதல் 1765 வரையான காலத்தில் உள்ளூர்த் தச்சர் ஒருவரின் தலைமையில் எழுந்த ஆலயம் அவற்றுட் புகழ் பெற்றது. 1879இல் அவ்வூரில் வேறோர் ஆலயம் கட்டப்பட்டபின் வழிபாடு அங்கு மாறிய போதிலும், பழைய மரக்கட்டடம் அழியவில்லை. யாழ்ப்பாணத் தீவகத்தில் இத்தகைய ஆலயம் எதுவும் இல்லை. ஆயினும் 1658 முதல் 1795 வரை, ஒல்லாந்தர் ஆட்சியில், புரட்டஸ்தாந்த ஊர்த்தேவாலயங்கள் அங்கு இருந்தன. அவை ஏன் நிலைக்கவில்லை என்பது ஆராயத்தக்கது.

முதலில் ஒரு வேறுபாட்டைத் தெளிவுபடுத்தல் வேண்டும். ஒல்லாந்தக் கும்பனியின் சபை கல்வினைப் பின்பற்றிய சீர்திருத்தச் சபை. அது லூதரன் சபையன்று. ஆனால் கும்பனிச் சேவையிலிருந்த ஜேர்மானியருட் பலர் லூதரன்மார். தரங்கம்பாடி மிசனைச் சேர்ந்த சுவார்ட்ஸ் ஐயர் 1760இல் இலங்கைக்கு வந்தபோது அவர்களிடையேயும் பணியாற்றினார்.

மரத்தின் காரணமாகவே இவ்வாலயங்கள் அழிந்தன என்று கூற இயலாது. முதிரை, பாலை முதலிய மரங்களுக்குத் தீவகம் வன்னியையே நம்பியிருந்தது என்பது உண்மை. எனினும் பனை இருந்தது. வைரம் பாய்ந்த முதுபனையின் வளையும் சிலாகையும் தலைமுறைகளைத் தாங்குவன. ஒல்லாந்தர் அவற்றைக் கடல்கடந்து ஏற்றுமதியும் செய்தனர். சுவருக்கு முருகைக்கல், சாந்துக்கு அதனைச் சுட்டெடுத்த சுண்ணாம்பு, கூரைக்கு ஓலை. நெடுந்தீவில் சாந்தின்றி அடுக்கப்பட்ட முருகைக்கல் வேலிகளை இன்றும் காணலாம். ஓலையை அடிக்கடி மாற்றிக்கொண்டிருந்தால் கட்டடம் நிற்கும். மாற்றுவார் யார் என்பதே வினா.

இவ்விடத்தில் பிலிப்பஸ் பல்தேயஸ் என்பாரின் நூல் உதவுகிறது. யாழ்ப்பாணத்தில் குருவாகப் பணியாற்றிய அவர், 1672இல் வெளியிட்ட தமது நூலில் இப்பகுதித் தேவாலயங்களை ஒவ்வொன்றாக விவரித்துள்ளார். அவற்றுட் பல போர்த்துக்கேயர் கட்டிய கத்தோலிக்க ஆலயங்கள். ஆட்சி மாறவே சபையும் மாறிற்று. ஆலயத்தை அடுத்துப் பள்ளிக்கூடம் இருந்தது. பள்ளிக்கூடத்து உபாத்தியாயரே ஞானஸ்நானத்தையும் விவாகத்தையும் பள்ளித் தோம்பிற் பதிவு செய்தார். பிள்ளைகள் பள்ளிக்கு வாராவிடின் பெற்றோருக்குத் தண்டம். அரச உத்தியோகத்துக்குச் சபை உறுப்புரிமை வேண்டும். முதுசச் சொத்தில் உரிமை கோருவோர்க்குத் தோம்பிலுள்ள பதிவு பெருந்துணை. ஆகவே காணியும் பதவியும் விரும்பியவன் ஞாயிறுதோறும் அங்கு சென்றிருப்பான். வீட்டில் விபூதியும் பூசியிருப்பான். இதனை இரண்டகம் என்று இகழ்வோர், கட்டாயப்படுத்தியவர் யாவர் என்பதை மறந்துவிடுகின்றனர். தேவாலயம் என்ற பெயரில் நடந்தது பெரும்பாலும் பதிவுக் கந்தோரே.

1795இல் ஆங்கிலேயர் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றினர். கட்டாயம் நீங்கியது; வருகையும் நின்றது. ஓலை மாற்றுவாரில்லை. மழைநீர் இறங்கி வளைகள் உளுத்தன. 1816இல் அமெரிக்க மிசனரிமார் வந்தபோது தெல்லிப்பழையிலும் வட்டுக்கோட்டையிலும் பாழடைந்து கிடந்த பழைய தேவாலயங்களையே திருத்திப் பணி தொடங்கினர். அவ்விரு ஊர்களும் குடாநாட்டில் உள்ளவை. தீவகத்து ஆலயங்களுக்கு அத்தகைய மறுவாழ்வு எளிதிற் கிட்டவில்லை.

ஒல்லாந்தர் 1658இலேயே கத்தோலிக்கக் குருமாருக்கு இடங்கொடுப்போர்க்கு மரணதண்டனை என அறிவித்திருந்தனர். ஆயினும் கத்தோலிக்கம் மறையவில்லை. 1687இல் இலங்கைக்கு வந்த யோசேவாஸ் அடிகள் யாழ்ப்பாணத்தில் இரவுவேளைகளில் மறைவாகப் பூசை ஒப்புக்கொடுத்தார். கூரையிட்ட ஆலயம் அம்மக்களுக்கு அக்காலத்தில் இல்லை. ஊர்காவற்றுறையிற் பின்னர் அவர்கள் எழுப்பிய ஆலயங்களிற் பூசை இன்றும் நடைபெறுகின்றது.