இடம்பெயர்ந்த இல்லம்

ஒரு வீட்டின் உயிர் அது நிற்கும் நிலத்தில் உள்ளதா, அன்றி அதன் அமைப்பில் உள்ளதா? கொழும்பில் எழுந்து பெந்தோட்டைக்குப் பெயர்ந்த இல்லமொன்றின் வரலாறு இவ்வினாவிற்கு விடைகாணத் துணைசெய்யும்.

பத்திக் கலையில் பெயர்பெற்ற ஈனா டி சில்வா அம்மையாருக்கும், பொலிஸ் மாஅதிபராய் விளங்கிய அவர்தம் கணவர் ஒஸ்மண்ட் டி சில்வாவுக்கும் கட்டடக் கலைஞர் ஜெப்ரி பாவா அவ்வில்லத்தை வரைந்தளித்தார். 1960இல் தொடங்கிய பணி 1962இல் முற்றுப்பெற்றது.

ஆங்கிலர் காலத்துக் கொழும்பு மாளிகைகள் தோட்டத்தின் நடுவே வீடு நிற்கும் இயல்பின. பாவாவோ வீட்டின் நடுவே தோட்டத்தை வைத்தார். புறத்தே மதில், அகத்தே முற்றம், அதனைச் சூழ அறைகள். ஒளியும் காற்றும் முற்றத்தின் வழியே வந்தன. இறக்குமதி கட்டுப்படுத்தப்பட்டிருந்த அக்காலத்தில் ஓடு, மரம், கருங்கல் ஆகிய உள்நாட்டுப் பொருள்களே பெரிதும் பயன்பட்டன. சிங்கள மரபின் நடுமுற்றமும் நம்மவரின் நாற்சார் வீடும் ஒத்த இயல்பின. ஆதலின் ஈண்டுப் பழமையே புதுமைக்குத் தாயாயிற்று எனலாம்.

2009இல் வீடு விற்கப்பட்டது. அயலிலிருந்த மருத்துவமனைக்கு அந்நிலம் வேண்டியிருந்தது. இந்நிலையில், பெந்தோட்டையை அடுத்துப் பாவா உருவாக்கிய லுணுகங்கத் தோட்டத்தைப் பேணும் அறக்கட்டளையினர் வீட்டைக் காக்க முன்வந்தனர். கட்டடக் கலைஞர் அமிலா டி மெல் பணியை நெறிப்படுத்தினார். முதலில் வீடு முழுவதும் அளந்து வரையப்பட்டது. பின்னர் கதவும் தூணும் கல்லும் இலக்கமிட்டுக் கழற்றப்பட்டன. 2016இல் லுணுகங்கவில் அவ்வீடு மீண்டும் எழுந்து நின்றது.

நெருங்கிய நகர்நிலத்திற்கென வகுத்த வீடு பரந்த தோட்டத்தில் பொருந்துமோ எனச் சிலர் வினவலாம். அவ்வினா நேரியதே. நகரச் சூழல் இழக்கப்பட்டது மெய். ஆயினும் முற்றத்திற்கும் அறைக்குமுள்ள உறவு இழக்கப்படவில்லை. அதனைக் காத்தது வரைபடமேயாம்.

இவ்வுண்மை வன்னி மக்களாகிய நமக்கு மிக அணித்தானது. 2008, 2009ஆம் ஆண்டுகளில் கூரைத் தகட்டையும் ஓட்டையும் நிலையையும் கதவையும் கழற்றி உழவு இயந்திரங்களில் ஏற்றிச்சென்ற குடும்பங்கள் பல. பொருளைச் சுமந்தோம், அமைப்பைத் தாளிற் பதிந்து வைத்தோமல்லோம். மீண்டபின் எழுந்த வீடுகளுட் பல, வழங்கப்பட்ட மாதிரி வரைபடங்களின்படி அமைந்தவை. எஞ்சிய பழைய வீடுகளை அளந்து வரைதற்கு வேண்டுவன ஒரு நாடாவும் ஒரு தாளுமே. முதியோர் நினைவில் முற்றமும் விறாந்தையும் வாழுங்காலத்தே அப்பணியை மாணவர் மேற்கொள்வாராக.