இரண்டு பக்கமும் ஒன்றாய்த் தெரிய வேண்டும்

ஆகஸ்ட் பிறந்துவிட்டால் நெமிலியில் பெட்டிக்கடை வாசலில்கூட மூவர்ணக் கொடி தொங்கும். அதில் ஒன்றை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டுதான் என் அக்கா மகன் டீக்கடை பெஞ்சில் வந்து உட்கார்ந்தான். ராணிப்பேட்டையில் ஷூ கம்பெனியில் தையல் வேலை செய்கிறான். அதனால் எதை எடுத்தாலும் முதலில் புரட்டி உள்பக்கத்தைப் பார்ப்பான். கொடியையும் புரட்டினான். “மாமா, முன்னாடி சக்கரம் சரியா நடுவுல இருக்கு. பின்னாடி கொஞ்சம் தள்ளி அச்சு விழுந்திருக்கு. இது தப்புதானே?”

தப்புதான். அதுவும் சின்னத் தப்பு இல்லை. நம் தேசியக் கொடி இன்றைய வடிவத்துக்கு வந்து சேர்ந்ததற்கே அவன் கேட்ட அந்தப் பின்பக்கம்தான் ஒரு முக்கியக் காரணம். இரண்டு டீ சொல்லிவிட்டு அவனுக்குச் சொன்னதை இங்கேயும் சொல்கிறேன்.

சுவரில் மாட்டிய படத்தை ஒரு பக்கம்தான் பார்ப்போம். கொடி அப்படி இல்லை. கம்பத்துக்கு இந்தப் பக்கம் நிற்பவரும் பார்ப்பார், அந்தப் பக்கம் நிற்பவரும் பார்ப்பார். காற்று அடித்தால் மடியும், காற்று நின்றால் துவண்டு கம்பத்தோடு ஒட்டிக்கொள்ளும். வெயிலில் வெளுக்கும். கம்பத்தை விட்டு விலகிப் பறக்கிற ஓரம் முதலில் நைந்து கிழியும். இத்தனைக்கும் ஈடு கொடுத்து, தூரத்தில் இருப்பவருக்கும் ஒரு நொடியில் ‘இது இன்னாருடையது’ என்று சொல்ல வேண்டும். காகிதத்தில் அழகாக இருப்பதை வைத்து ஒரு கொடியை எடை போடவே கூடாது. கம்பத்தில் ஏற்றிப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும்.

1921-இல் விஜயவாடாவில் காங்கிரஸ் கமிட்டி கூடியபோது பிங்கலி வெங்கையா ஒரு கொடியைக் காந்தியிடம் கொடுத்தார். மசூலிப்பட்டினம் பக்கத்துக்காரர். அதற்கு ஐந்து வருஷம் முன்பே, 1916-இல், இந்தியாவுக்கு எப்படிப்பட்ட கொடி வேண்டும் என்று முப்பது மாதிரிகள் வரைந்து ஒரு சிறு புத்தகமே போட்டவர். அவர் கொண்டுவந்ததில் சிவப்பும் பச்சையும் இருந்தன. ராட்டை வேண்டும் என்ற யோசனை ஜலந்தரைச் சேர்ந்த லாலா ஹன்ஸ்ராஜுடையது. வெள்ளையும் சேர வேண்டும் என்றார் காந்தி. மேலே வெள்ளை, நடுவில் பச்சை, அடியில் சிவப்பு, மூன்றின் மேலும் பெரிய ராட்டை என்று அந்தக் கொடி நாடெங்கும் ஊர்வலங்களில் போனது. சிவப்பு இந்துக்களுக்கு, பச்சை முஸ்லிம்களுக்கு, வெள்ளை மற்றவர்களுக்கு என்று அப்போது பொருள் சொன்னார்கள். அப்படிப் பங்கு பிரித்தால் எங்கள் பங்கு எங்கே என்ற கேள்வி வராமல் இருக்குமா? வந்தது. 1931-இல் காங்கிரஸ் கொடியை மாற்றி அமைத்தது. காவி, வெள்ளை, பச்சை, நடுவில் ராட்டை. இந்த நிறங்களுக்கு மதப் பொருள் கிடையாது, காவி துணிவுக்கும் தியாகத்துக்கும், வெள்ளை அமைதிக்கும் வாய்மைக்கும், பச்சை நம்பிக்கைக்கும் வீரத்துக்கும் என்று தீர்மானத்திலேயே எழுதிவைத்தார்கள். இதை நான் பெரிய காரியமாக நினைக்கிறேன். துணி ஏறக்குறைய அதேதான். அதை யார் சொந்தம் கொண்டாடலாம் என்பது மாறிவிட்டது.

இனி ராட்டைக்கு வருவோம். ராட்டையில் சக்கரம் ஒரு பக்கம், கதிர் மறு பக்கம். துணியில் அதை அச்சடித்துப் புரட்டினால் இடம் வலமாகும். பார்க்கிறவர் நிற்கும் இடத்தைப் பொறுத்துச் சின்னம் திசை மாறும். சுதந்திரம் நெருங்கியபோது ராஜேந்திர பிரசாத் தலைமையில் ஒரு குழு கொடியைப் பரிசீலித்தது. 1947 ஜூலை 22 அன்று அரசியல் நிர்ணய சபையில் தீர்மானத்தைக் கொண்டுவந்த நேரு, இந்தச் சிக்கலை எடுத்துச் சொன்னார். கொடியின் ஒரு பக்கம் தெரியும் சின்னம் மறு பக்கமும் அதே மாதிரி தெரிய வேண்டும் என்பது நடைமுறை. அதனால் ராட்டையின் சக்கரத்தை மட்டும் எடுத்துக்கொண்டு, அதற்குச் சாரநாத் தூணில் உள்ள அசோகச் சக்கரத்தின் வடிவத்தைக் கொடுத்தார்கள். கதர்ப் பருத்தியில் ஒன்றும் கதர்ப் பட்டில் ஒன்றுமாக இரண்டு கொடிகளை அன்று சபையில் காட்டினார். வடிவமைப்பில் பத்ருதீன் தியாப்ஜி, சுரையா தியாப்ஜி தம்பதியின் பங்கும் உண்டு. ராட்டை போனதில் காந்திக்கு வருத்தம். அதை அவர் மறைக்கவும் இல்லை. அவர் வருத்தம் நியாயமானது என்றே நினைக்கிறேன். ஆனால் கம்பத்தின் கணக்குப்படி நேரு சொன்னதும் சரி. வட்டத்துக்கு முன் பின் கிடையாது.

“எழுத்து இருக்கிற கொடிக்கு என்ன பண்ணுவாங்க?” என்று கேட்டான் மாப்பிள்ளை. நல்ல கேள்வி. சவூதி அரேபியாவின் கொடியில் அரபியில் வாசகம் இருக்கிறது. ஒற்றைத் துணியில் அச்சடித்தால் பின்பக்கம் எழுத்து திரும்பிப்போகும். அதனால் ஒரே மாதிரி இரண்டு துணிகளைச் சேர்த்துத் தைக்கிறார்கள். எந்தப் பக்கம் பார்த்தாலும் வாசகம் நேராக இருக்கும். கொடி கனக்கும், தூக்கிப் பறக்கக் காற்றும் அதிகம் வேண்டும். அந்த நாட்டுக்கு வாசகம் முக்கியம், அதனால் அந்தக் கனத்தை ஏற்றுக்கொள்கிறது.

நிறத்துக்கும் இதே கதைதான். கொடிகள் அதிகம் புழங்கியது கடலில். எதிரே வரும் கப்பல் நண்பனா பகையா என்று தூரத்திலேயே தெரிந்தாக வேண்டும். அதனால் அழுத்தமான இரண்டு நிறங்களை ஒட்டி வைக்காமல் நடுவே வெள்ளையோ மஞ்சளோ வைப்பது பழைய வழக்கம். நம் கொடியில் வெள்ளை அந்த வேலையையும் செய்கிறது. காவியும் பச்சையும் ஒட்டியிருந்தால் மாலை வெளிச்சத்தில் ஒன்றோடொன்று குழம்பிவிடும். அடையாளம் குழம்பினால் என்ன ஆகும் என்பதற்கு 1936 பெர்லின் ஒலிம்பிக் சாட்சி. ஹைத்தியும் லிக்டன்ஸ்டைனும் அங்கே வந்த பிறகுதான், நீலமும் சிவப்புமாக இருவர் கொடியும் ஒன்று என்று தெரிந்துகொண்டார்கள். அடுத்த வருஷமே லிக்டன்ஸ்டைன் தன் கொடியில் ஒரு கிரீடத்தைச் சேர்த்தது.

நம்மைப் போலவே பல மக்கள் சேர்ந்து வாழும் இலங்கையில் கதை வேறு மாதிரி போனது. 1948-இல் வாளேந்திய சிங்கக் கொடி ஏறியது. தமிழர்களுக்கும் முஸ்லிம்களுக்கும் அதில் இடம் எங்கே என்ற கேள்வி எழ, பண்டாரநாயக்கா தலைமையில் குழு போட்டார்கள். 1951-இல் தமிழருக்கு ஒரு செம்மஞ்சள் பட்டையும் முஸ்லிம்களுக்கு ஒரு பச்சைப் பட்டையும் சேர்ந்தன. ஆனால் அவை சிங்கம் நிற்கிற கட்டத்துக்கு வெளியே தனியாக நின்றன. குழுவில் இருந்த செனட்டர் எஸ். நடேசன் அதை ஏற்கவில்லை. நிறத்துக்கு ஒரு இனம் என்று பிரித்துக் கொடுத்தால், அந்தப் பட்டை எந்த இடத்தில் வருகிறது என்பதே ஒரு அரசியல் ஆகிவிடுகிறது. 1931-இல் இங்கே அந்தப் பொருளையே மாற்றி எழுதியவர்களின் தொலைநோக்கு இதைப் பார்க்கும்போது புரிகிறது.

நம் பக்கத்து ஊரிலேயே கொடிக்காக ரத்தம் சிந்திய வரலாறு இருக்கிறது. தோல் வேலை செய்கிற பிள்ளைக்கு அதை அவசியம் சொல்ல வேண்டும். 1805-ஆம் வருஷக் கடைசியில் கிழக்கிந்தியக் கம்பெனியின் சென்னைப் படைக்குப் புது உடை விதி வந்தது. நெற்றியில் குறி கூடாது, காதில் கடுக்கன் கூடாது, தாடியை மழிக்க வேண்டும், தோலால் செய்த சின்னம் செருகிய புதுத் தலைப்பாகை கட்ட வேண்டும். விலங்குத் தோலைத் தலையில் வைக்க இந்துச் சிப்பாயும் ஒப்பவில்லை, முஸ்லிம் சிப்பாயும் ஒப்பவில்லை. 1806 ஜூலை 10 விடிவதற்குள் வேலூர்க் கோட்டையைப் பிடித்தார்கள். பிடித்ததும் அவர்கள் செய்தது கம்பெனிக் கொடியை அகற்றிவிட்டு, திப்பு சுல்தானின் கொடியை ஏற்றியது. திப்பு மறைந்து ஏழு வருஷம் ஆகியிருந்தது. அவர் பிள்ளைகள் அந்தக் கோட்டைக்குள்தான் காவலில் இருந்தார்கள். ஆற்காட்டிலிருந்து கம்பெனிப் படை அதிகாரி கில்லஸ்பி குதிரைப்படையோடு வந்து சேர, சில மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. நூற்றுக்கணக்கானவர்கள் செத்தார்கள். சுற்றிலும் குண்டு பறந்துகொண்டிருந்தபோதே வெள்ளைக்காரச் சிப்பாய்கள் கம்பத்தில் ஏறி அந்தக் கொடியை இறக்கினார்கள் என்றால், ஒரு துணிக்கு இரண்டு தரப்பும் கொடுத்த மதிப்பு என்ன என்று பாருங்கள்.

1932 ஜனவரி தமிழ்நாட்டில் கொடியின் மாதம். திருப்பூரில் ஊர்வலம் போன குமரன் தடியடியில் மண்டை உடைந்தும் கொடியைக் கீழே விடவில்லை. மறுநாள், 11-ஆம் தேதி, உயிர் பிரிந்தது. அதே மாதம் 26-ஆம் தேதி ஆர்யா என்கிற பாஷ்யம், சென்னைக் கோட்டையின் கொடிக்கம்பத்தில் யாருக்கும் தெரியாமல் ஏறி மூவர்ணத்தைப் பறக்கவிட்டார். அந்தக் கோட்டையில் 1947 ஆகஸ்ட் 15 அதிகாலை ஏற்றிய கொடி இன்றும் பத்திரமாக இருக்கிறது. தூய பட்டு, பன்னிரண்டு அடி நீளம், எட்டு அடி அகலம். கோட்டை அருங்காட்சியகத்தில் மங்கிய விளக்கொளியில் வைத்திருக்கிறார்கள். சென்னைக்குப் போகிறவர்கள் பீச்சுக்குப் போகிற வழியில் ஒரு அரை மணி நேரம் அங்கே இறங்கிப் பார்க்கலாம். அதே கோட்டையில் சுதந்திர தினத்தன்று கவர்னர்தான் கொடியேற்றி வந்தார். மக்கள் தேர்ந்தெடுத்த முதலமைச்சர் ஏற்ற வேண்டும் என்று கேட்டு, அந்த உரிமையை எல்லா மாநிலங்களுக்கும் சேர்த்துப் பெற்றவர் கலைஞர் கருணாநிதி. 1974-இல் அவரே முதலில் ஏற்றினார்.

குடியாத்தம் கைலிக்குப் பேர் போன ஊர். அந்த ஊர் நெசவாளர்களிடம் பேச்சுக் கொடுத்தால், டெல்லி செங்கோட்டையில் பறந்த முதல் கொடி எங்கள் தறியில் நெய்ததுதான் என்று பெருமையோடு சொல்வார்கள். இப்போதும் ஆகஸ்டுக்கு முன்பு அங்கே கொடி வேலை மும்முரமாக நடக்கும். நெமிலியிலும் பனப்பாக்கத்திலும் தறிச் சத்தம் கேட்டு வளர்ந்த நமக்கு, ஒரு கொடிக்குப் பின்னால் எத்தனை கை இருக்கிறது என்று சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

அளவுக்கு வருகிறேன். நீளம் மூன்று பங்கு என்றால் அகலம் இரண்டு பங்கு. இந்தியத் தரநிலை ஒன்பது அளவுகளை நிர்ணயித்திருக்கிறது. பெரியது 6300 மில்லிமீட்டருக்கு 4200. சின்னது 150-க்கு 100, அது மேஜைக் கொடி. காருக்கு 225-க்கு 150. சாதாரணமாக நாம் பார்க்கிற 900-க்கு 600 கொடியை எடுத்துக்கொள்வோம். ஒவ்வொரு பட்டையும் 200 மில்லிமீட்டர், சக்கரத்தின் விட்டம் 185. அதாவது சக்கரத்துக்கு மேலே ஏழரை, கீழே ஏழரை மில்லிமீட்டர் வெள்ளைதான் மிச்சம். ஒரு பக்கம் அச்சு மூன்று மில்லிமீட்டர் நகர்ந்தாலே கண்ணுக்குத் தெரிந்துவிடும். கருநீலத்தில் 24 ஆரங்கள். அச்சடிக்கலாம், பூத்தையலும் போடலாம், ஆனால் இரண்டு பக்கமும் முழுசாகத் தெரிய வேண்டும் என்பது விதி. “எங்க கம்பெனியில இப்படி வந்தா ரிஜெக்ட்டு” என்றான் அவன். இங்கேயும் ரிஜெக்ட்டுதான். தரச்சான்று பெற்ற கொடிகள் கர்நாடகத்தில் ஹூப்ளி பக்கம் பெங்கேரியில் உள்ள கதர் கிராமத் தொழில் சங்கத்தில் தயாராகின்றன. நூல், நெசவு, சாயம், அச்சு, தையல் என்று கட்டத்துக்குக் கட்டம் சோதனை நடக்கும்.

2002 கொடி விதித்தொகுப்பு வந்தபோது எல்லாக் குடிமக்களும் எல்லா நாளும் கொடி ஏற்றலாம் என்று ஆனது. 2004-இல் நவீன் ஜிந்தால் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை உரிமை என்றே உறுதி செய்தது. இது வந்திருக்க வேண்டிய மாற்றம்தான். அந்தத் தொகுப்பில் கொடித்துணி கையால் நூற்று, கையால் நெய்த கதராக இருக்க வேண்டும் என்று இருந்தது. 2021 டிசம்பர் 30 அன்று திருத்தம் வந்தது. மெஷினில் நெய்ததும் ஆகும், பாலியஸ்டரும் ஆகும். அடுத்த ஆகஸ்டில் வீடுதோறும் கொடி என்று அரசு அழைப்பு விட்டது. ஏழை வீட்டு வாசலிலும் கொடி பறந்ததில் எனக்கு உண்மையாகவே சந்தோஷம். விலை குறையாமல் அது நடந்திருக்காது. ஆனால் கையில் நூற்ற நூல் என்பதை வெறும் துணி ரகமாகப் பார்க்க என்னால் முடியவில்லை. ராட்டையைக் கொடியிலிருந்து எடுத்தபோது அது அந்தத் துணியிலாவது மிச்சம் இருந்தது. பாலியஸ்டரில் அதுவும் போய்விடுகிறது.

அதனால் ஒரு வேண்டுகோள். வீட்டு வாசலுக்கு எந்தத் துணியில் கிடைக்கிறதோ அதை வாங்குங்கள், சக்கரம் இரண்டு பக்கமும் நடுவில் இருக்கிறதா என்று மட்டும் புரட்டிப் பாருங்கள். சுவரில் நெடுக்குவாட்டில் தொங்கவிடுவதானால், பார்க்கிறவருக்கு இடப்பக்கம் காவி வர வேண்டும். நைந்துபோனதைக் குப்பையில் போடாமல் தனியிடத்தில் மரியாதையோடு எரித்துவிடுங்கள், விதியும் அதைத்தான் சொல்கிறது. ஆனால் நம் பள்ளிக்கூடங்களிலும் பேரூராட்சி அலுவலகத்திலும் கம்பத்தில் ஏற்றுகிற அந்த ஒரு கொடியையாவது கதரில் வாங்கட்டும். ஜூலையிலேயே காதிக் கடையில் சொல்லிவைத்தால் ஆகஸ்ட் 15-க்குள் வந்து சேரும்.